நாற்பத்தொன்றாவது கல்

அக்டோபர் 9

கிறிஸ்டினா டீச்சர் இன்றைக்கும் நோட்டும் கையுமாக வந்துவிட்டார். ஜனவரி பன்னிரண்டில் எனக்கு எழுபது நிறைகிறது. அதற்கு ஒரு மலர் போடுகிறார்களாம். 'பெரியதாங்கலின் முதல் சேர்மன் தனசிங்' என்று தலைப்பு. நான் வேண்டாம் என்றுதான் சொன்னேன். இரண்டு தடவை சொன்னேன். மூன்றாவது தடவை சொல்லவில்லை. நிஜமாகவே விட்டுவிடுவார்களோ என்று பயம்.

ஊருக்கு என்னவெல்லாம் செய்தீர்கள் என்று கேட்டார். அதை நான் எதற்கு யோசித்துச் சொல்ல வேண்டும்? ஊரெல்லாம் கல்வெட்டு இருக்கிறதே. தண்ணீர்த் தொட்டி, நூலகம், ரேஷன் கடை, பஸ் நிழற்குடை, சுடுகாட்டுக் கொட்டகை. பத்து வருஷத்தில் கறுப்புக் கிரானைட்டில் என் பெயர் இல்லாமல் ஒரு குழாயடி கூடத் திறந்ததில்லை. என் காலத்தில் ஓவர்சியராக இருந்த பென்னியை வரச்சொல்லி, அவன் ஸ்கூட்டரில் பின்னால் உட்கார்ந்து ஒவ்வொன்றாக எண்ணினோம். நாற்பத்தொன்று. எனக்கே கொஞ்சம் மலைப்பாக இருந்தது.

கடைசிக் கல் என் குடோனுக்கு எதிரே கால்வாய்ப் பாலத்தில். பென்னி வண்டியை நிறுத்தவே இல்லை. "இது மலர்ல வேணாமே சார்" என்றான். ஏன் என்று நான் கேட்கவில்லை. எனக்குத் தெரியும்.

நாற்பத்தொன்று என்றே எழுதச் சொல்லிவிட்டேன்.

அக்டோபர் 14

பட்டு மூன்று வெள்ளைச் சட்டை கொண்டுவந்து கொடுத்தாள். அந்தப் பாலத்துக்குப் பக்கத்தில்தான் அவளுடைய இஸ்திரி வண்டி. இருபது வருஷமாக என் சட்டைக்கு அவள்தான் கஞ்சி போடுகிறாள். மற்றவர்கள் போட்டால் காலர் நிற்பதில்லை.

"நீ மேயர் ஆவப்போறியாமே சார்? ஆனா எனுக்கு ஒரு கரண்டு பொட்டி வாங்கிக் குடு. கரி வாங்கி மாளல" என்றாள். மேயர் ஆகாவிட்டாலும் வாங்கித் தருகிறேன் என்றேன். வாசலில் நின்று சிரித்துக்கொண்டே போனாள்.

அக்டோபர் 22

டீச்சருக்குச் சொன்னவை: 1979இல் சாத்தான்குளம் பக்கத்திலிருந்து ஒரு தகரப் பெட்டியோடு வந்தது. குரோம்பேட்டையில் மாமாவின் ஹார்டுவேர் கடையில் சிமெண்ட் மூட்டை மேலேயே ஆறு வருஷம் படுத்தது. முடிச்சூர் பக்கம் வயல்கள் மனையாக ஆரம்பித்தபோது, எல்லோரும் சிரிக்க, அந்தப் பொட்டல் சாலையில் கடை போட்டது. இன்றைக்கு இந்த ஊரில் பாதி வீடுகள் என் கம்பியிலும் என் சிமெண்டிலும் நிற்கின்றன. பேரூராட்சி ஆனதும் முதல் தேர்தல், முதல் சேர்மன். 312 ஓட்டு வித்தியாசம்.

2015 வெள்ளத்தில் பதினோரு நாள் என் குடோனில் ஐந்நூறு பேருக்குச் சோறு போட்டேன். கழுத்தளவு தண்ணீரில் நானே படகு தள்ளினேன். அது பொய் இல்லை. அதைப் பெரிய எழுத்தில் போடச் சொன்னேன்.

என் மனைவி ரத்தினபாய் உள்ளேயிருந்து, "அப்புறம் நடந்ததையும் சொல்லுங்க" என்றாள். டீச்சர் பேனாவை எடுத்தார். காபி ஆறுது, குடிங்க என்றேன்.

நவம்பர் 6

பேரூராட்சி மாநகராட்சியில் கரைந்து சில வருஷம் ஆயிற்று. இருந்தும் ஊரில் எனக்கு சேர்மன் என்றுதான் பெயர். ஜெர்சன் இன்று கட்சி ஆபீசுக்குப் போய்வந்தான். வரும் தேர்தலில் நம் வார்டில் எனக்குத்தான் சீட் என்கிறார்களாம். ஜெயித்தால் மேயர் நாற்காலிக்கும் என் பெயர் பேச்சில் இருக்கிறதாம். "அப்பா, இந்த நாலு மாசம் யார்கிட்டயும் சண்டை போடாம இருங்க, அது போதும்" என்றான் மகன்.

எழுபது வயதில் மேயர். தகரப் பெட்டியோடு வந்தவன். நாளை முதல் நடைப்பயிற்சி.

நவம்பர் 27

மழை. நடை இல்லை.

நவம்பர் 28

விடாத மழை. கால்வாய்த் தண்ணீர் பாலத்தடிக் குழாய்களின் வாய்வரை வந்துவிட்டது. குடோன் சுவரில் போன வெள்ளத்தின் கோடு இன்னும் இருக்கிறது. அதற்கு நான்கு அடி கீழே நிற்கிறது தண்ணீர். பயமில்லை.

நவம்பர் 30

எழுதத்தான் வேண்டும். எழுதாமல் இருந்தால் இன்னும் மோசம்.

இன்று ஞாயிறு, எங்கள் சபைக் கோயிலில் புது மண்டபத்துக்கு நான் அடிக்கல் நாட்டுவதாக இருந்தது. சட்டை மூன்றும் பட்டுவிடம். நேற்று இரண்டு மணிக்குப் போன் பண்ணினேன். "தண்ணி முட்டிக்கு மேல கீது சார். மூட்டை வண்டியிலயே கீது, தார்ப்பாய் போட்டு வெச்சிருக்கேன். கொஞ்சம் வடியட்டும், எட்தாந்து குடுக்கறேன்" என்றாள். காலையில் விழா, நான் என்ன பனியனோடா போய்க் கல் நாட்டுவது என்றேன். அப்படியேதான் சொன்னேன். சரி சார் என்றாள்.

நான்கு மணிக்கு பாஸ்டர் போன். மழையால் விழா தள்ளிவைப்பு.

பட்டுவுக்குச் சொல்லியிருக்கலாம். போன் கையில்தான் இருந்தது. எப்படியும் கொண்டு வருவாள், வரட்டுமே என்று விட்டுவிட்டேன். அப்புறம் டீ குடித்தேன். டிவியில் மழைச் செய்தி பார்த்தேன்.

ஐந்து மணிக்கு மூட்டையை எடுக்கப் போயிருக்கிறாள். பாலத்து ஓரத்தில் கால் வழுக்கியிருக்கிறது. தண்ணீர் அவளைக் குழாய்க்குள் இழுத்துக்கொண்டது. இன்று பத்து மணிக்குத்தான் எடுத்தார்கள். குழாய்க்கு உள்ளேயே, பாதி வழியில். அந்தப் பக்கம் போக முடியாமல்.

ஐயோ, நான் ஏன் போன் பண்ணல? ஒரு நிமிஷம் ஆயிருக்குமா? அரை நிமிஷம்?

டிசம்பர் 1

பட்டு. வயது ஐம்பத்திரண்டாம். பேப்பரில் பார்த்துத்தான் தெரிந்துகொண்டேன்.

டிசம்பர் 3

அடக்கத்துக்குப் போனேன். நான் கொட்டகை கட்டிய அதே சுடுகாடு. என் பெயர் போட்ட கல்லின் பக்கத்திலேயே நிற்க வேண்டியதாயிற்று, வேறெங்கும் நிழல் இல்லை. அவள் புருஷன் ஏகாம்பரம் என் கையைப் பிடித்துக்கொண்டு, "சேர்மன் சார் வந்துட்டார் பாரு" என்று பிணத்திடம் சொன்னான்.

அவளுக்கு நான் போன் செய்தது அவனுக்குத் தெரியாது போலிருக்கிறது. அல்லது தெரிந்தும் அது ஒரு குற்றமாக அவனுக்குப் படவில்லை.

டிசம்பர் 6

குடோனுக்குப் போனேன். கால்வாய்ப் பாலத்தில் கல் இல்லை. அது நின்ற இடத்தில் உடைந்த சிமெண்ட் மட்டும். உள்ளே கம்பிக் கட்டுகளுக்குப் பின்னால் கல் குப்புறக் கிடந்தது. ஜெர்சன் ஜேசிபி வைத்துப் பட்டப்பகலில் எடுத்திருக்கிறான். கேட்டவர்களிடம் வெள்ளத்தில் சாய்ந்துவிட்டது என்றானாம்.

"விசாரணை வருதுப்பா. அந்தக் கல் ஒண்ணுதான் உங்களை அந்தப் பாலத்தோட சேர்க்குது. திறப்பு விழா நடக்கல, போட்டோ இல்ல. நீங்க கையெழுத்துப் போட்ட பேப்பர் எதுலயும் குழாய்னு ஒரு வார்த்தை இல்ல. கல் இல்லேன்னா மிச்சமெல்லாம் ஓவர்சியர் பாடு."

ஓவர்சியர் பாடு. பென்னி மாமா என்று கூப்பிட்டு வளர்ந்தவன் இவன்.

நான் என்ன சொன்னேன்? மேலே ஒரு சாக்கு போட்டு மூடச் சொன்னேன். அதைத்தான் சொன்னேன்.

டிசம்பர் 11

விசாரணைக்கு அதிகாரி நியமித்துவிட்டார்கள். முதல் நோட்டீஸ் பென்னிக்கு.

டிசம்பர் 13

பென்னி வந்திருந்தான். செருப்பை வெளியிலேயே விட்டுவிட்டு, முப்பது வருஷமாக எப்படி உட்காருவானோ அப்படியே நாற்காலி நுனியில் உட்கார்ந்தான்.

இதை இங்காவது ஒழுங்காக எழுதிவைக்கிறேன்.

2015 வெள்ளத்துக்குப் பிறகு அந்த இடத்தில் ஆறடி அகலத்தில் பெட்டிப் பாலம் கட்ட உத்தரவு வந்தது. என் பதவிக்காலம் முடிய சில மாதம்தான் பாக்கி. தேர்தல் அறிவிப்பு வந்துவிட்டால் பெயர் போட முடியாது. அதனால் குழி தோண்டும் முன்பே கல்லைச் செதுக்கி நட்டுவிட்டேன். ஊரில் எல்லோரும் வேலை முடிந்து கல் வைப்பார்கள், நான் கல் வைத்துவிட்டு வேலை ஆரம்பிப்பேன். 'வெள்ளத் தடுப்புப் பணி, ஆறடி அகலப் பெட்டிப் பாலம்', கீழே என் பெயர், அதற்குக் கீழே பொடி எழுத்தில் பென்னி பெயர்.

தோண்டும்போதுதான் தெரிந்தது, ஆறடி எடுத்தால் என் குடோன் சுவர் மூலை போய்விடும், லாரி உள்ளே திரும்பாது. சுவர் கால்வாய்க்குள் ஏறி நிற்கிறது. கட்டியவன் நான்தானே, எனக்குத் தெரியாதா. இரண்டு சிமெண்ட் குழாய் போடு, போதும் என்றேன். பென்னி தலையைச் சொறிந்தான். "சார், கல்லுல ஆறடின்னு போட்டாச்சே."

"கல்லை எவன் நின்னு படிக்கிறான்?" என்றேன்.

அளவுப் புத்தகத்தில் ஆறடி என்றே எழுதி அவன் கையெழுத்துப் போட்டான். மிச்சமான பணத்தில் மூன்று தெருவுக்கு விளக்குப் போட்டேன். வீட்டுக்கு ஒரு பைசா கொண்டுவரவில்லை. இதையும் எழுதிவைக்கிறேன், ஆனால் இது எதற்கு உதவும் என்று தெரியவில்லை.

பென்னி இன்று கேட்டது ஒன்றே ஒன்று. "நான் சொன்னா நம்ப மாட்டாங்க சார். நீங்க ஒரு வார்த்தை சொன்னா போதும். நீங்க சொல்லித்தான் செஞ்சேன்னு மட்டும்."

ஜெர்சனிடம் பேசிவிட்டுச் சொல்கிறேன் என்றேன்.

டிசம்பர் 19

முதல் விசாரணை. பொதுமக்களும் வரலாம் என்றார்கள், போய்ப் பின்வரிசையில் உட்கார்ந்தேன். அதிகாரி என்னைப் பார்த்து எழுந்து வணக்கம் சொன்னார். எனக்கு முன்வரிசையில் நாற்காலி போட்டார்கள். பென்னி நின்றுகொண்டிருந்தான். இரண்டு மணி நேரம். அடுத்த தடவை சொல்லிவிடுவது என்று தீர்மானம் செய்துகொண்டேன்.

டிசம்பர் 25

கோயில். பென்னி குடும்பம் வரவில்லை.

டிசம்பர் 30

இரண்டாம் விசாரணைக்குச் சளி என்று நான் போகவில்லை. சளி இல்லை.

பென்னி எழுதிக் கொடுத்துவிட்டானாம். 'குழாய் போட்டது என் சொந்த முடிவு. தலைவருக்கு இதில் சம்பந்தம் இல்லை.' ஜெர்சன் சந்தோஷமாக வந்து சொன்னான். பென்னியின் மகள் பிளஸ்ஸி எங்கள் கடையில்தான் பில் போடுகிறாள். ஜெர்சன் முந்தாநாள் சேலையூரில் அவர்கள் வீட்டுக்குப் போயிருந்தான் என்பது எனக்கு இன்றுதான் தெரியும்.

"என்ன பேசினே?"

"ஒண்ணும் பேசலப்பா. பிளஸ்ஸிக்குச் சம்பளம் கூட்டித் தர்றேன்னு சொன்னேன். அவ்ளோதான்."

அவனைத் திட்ட வாயெடுத்தேன். கூடவே நெஞ்சில் ஒரு பாரம் இறங்குவதும் தெரிந்தது. அப்பாடா என்று இருந்தது. ஆமாம், அப்படித்தான் இருந்தது. நான் இவ்வளவு கேடுகெட்டவன் என்று எழுபது வருஷமாக எனக்குத் தெரியாமல் இருந்திருக்கிறது.

ஜனவரி 12

பிறந்தநாள். கோயில் மைதானத்தில் பந்தல், முந்நூறு பேருக்குப் பிரியாணி. மலர் வெளியிட்டார்கள். வழவழத் தாள். பதினேழாம் பக்கத்தில் 'சேர்மன் பதித்த நாற்பது கற்கள்' என்று பட்டியல். நாற்பது. டீச்சரைப் பார்த்தேன். அவர் ஜெர்சனைப் பார்த்தார்.

பேச்சாளர்கள் எல்லோரும் 2015 படகைப் பற்றியே பேசினார்கள். ஒருவர் என்னை வருங்கால மேயர் என்றார். நல்ல கைதட்டல்.

நான்கு மணிக்குக் கூட்டம் கலைந்தபின் ஏகாம்பரம் வந்தான். கையில் செய்தித்தாள் சுற்றிய பொட்டலம். என் மூன்று சட்டைகள், கஞ்சி போட்டு, இஸ்திரி போட்டு.

"அது கையில புடிச்சினு இருந்த மூட்டை சார் இது. மத்தவங்க துணியெல்லாம் அப்பவே குடுத்துட்டேன். உன்னுதுலதான் சேத்துக் கறை போவல. அஞ்சாறு தபா அலசிட்டேன், காலர்ல மட்டும் கொஞ்சம் கீது. கோச்சிக்காத."

கோச்சிக்காத என்றான். என்னிடம்.

பணம் நீட்டினேன். வாங்கவில்லை. பிரியாணி இருக்கிறதா என்று கேட்டான். பாத்திரத்தின் அடியில் இருந்ததை எடுத்துக் கொடுத்தார்கள். நின்றபடியே சாப்பிட்டுவிட்டுப் போனான்.

ஜனவரி 20

பென்னியைக் கைது செய்துவிட்டார்கள். காலை எட்டு மணிக்கு, தெருவே பார்க்க. பென்ஷனும் நிறுத்தி வைப்பாம்.

ரத்தினபாய் பஸ் பிடித்து அவர்கள் வீட்டுக்குப் போய்வந்தாள். பென்னியின் மனைவி தனம் கதவைத் திறக்கவில்லையாம். ஜன்னல் வழியே, "எங்க வீட்டுக் கல்யாணத்துக்கு முன்னால நின்னவங்க நீங்க, அதனால ஏசாம அனுப்புறேன்" என்றாளாம்.

ரத்தினபாய் சேலைகூட மாற்றாமல் என் எதிரே வந்து நின்றாள். "கல்லு குடோன்ல குப்புறக் கெடக்கு. நான் பார்த்தேன். ஒரு மாசமா நீங்களா சொல்வீங்கன்னு பார்த்தேன்."

"சொன்னா ஜெயிலுக்குப் போகணும், தெரியுமா?"

"பென்னி போயிருக்காரே."

ஜனவரி 21

சாப்பாடு போடுகிறாள். பேசுவதில்லை.

ஜனவரி 24

கல்லை நட்டுவிட்டேன்.

மதியம் பன்னிரண்டு மணி. ஜெர்சன் தாம்பரத்துக்குப் போயிருந்தான். லோடுமேன்கள் இரண்டு பேரைக் கூப்பிட்டுச் சாக்கை எடுத்து, கழுவி, தூக்கிவந்து, பழைய இடத்திலேயே சிமெண்ட் வைத்து நிறுத்தினோம். சிமெண்டை நானே குழைத்தேன். வெள்ளைச் சட்டையெல்லாம் சாம்பல்.

பாதி வேலையில் ஜெர்சன் வந்துவிட்டான். நடுரோட்டில் கத்தினான். "பைத்தியமாப்பா உங்களுக்கு? சீட்டு போச்சு, கடை போச்சு, எல்லாம் போச்சு!" அவனுக்குக் கண் கலங்கியிருந்தது. எனக்காகவா, மேயருக்காகவா? தெரியவில்லை. என் மகன்தான், என்னைப் பார்த்துத்தானே வளர்ந்தான்.

அவன் போனபின் ஏகாம்பரம் வண்டியிலிருந்து எழுந்து வந்தான். அதே இடத்தில்தான் இப்போது அவன் இஸ்திரி போடுகிறான். கல்லைத் தடவிப் பார்த்தான்.

"இத்தினி வருஷமா இதுல சாஞ்சிக்கினுதான் அது பீடா போடும். எனுக்குப் படிக்கத் தெரியாது சார். இன்னா எழுதிக்கீது?"

கல்லை எவன் நின்று படிக்கிறான் என்று கேட்ட வாய் இது.

படித்தேன். வெள்ளத் தடுப்புப் பணி. ஆறடி அகலப் பெட்டிப் பாலம். திறந்து வைத்தவர் தனசிங். சத்தமாகத்தான் படித்தேன், லோடுமேன்களும் கேட்டுக்கொண்டிருந்தார்கள்.

ஏகாம்பரம் கொஞ்ச நேரம் கல்லையே பார்த்தான். "ஆறடின்னா இம்மாம் இருக்குமா?" என்று இரண்டு கையையும் விரித்துக் காட்டினான். ஆமாம் என்றேன். விரித்த கையோடு அப்படியே காய்ந்த கால்வாய்க்குள் இறங்கினான். குழாய்களுக்கு எதிரே போய் நின்றான். ஒவ்வொரு குழாயும் அவன் தோள் அகலம்தான் இருந்தது. குனிந்து ஒன்றுக்குள் எட்டிப் பார்த்தான். ரொம்ப நேரம் பார்த்தான்.

"இம்மாம் அகலம் இருந்திருந்தா அது அந்தாண்ட போயிருக்கும் இல்ல சார்? அந்தாண்ட பசங்க நின்னுகினு இருந்தானுங்க. புடிச்சிருப்பானுங்க இல்ல?"

நான் பதில் சொன்னேன். புடிச்சிருப்பாங்க என்றேன். குடோன் சுவருக்காக நான்தான் குழாய் போடச் சொன்னேன் என்றேன். அன்று சட்டை கேட்டுப் போன் செய்தது நான், விழா தள்ளிப்போனதைச் சொல்லாமல் விட்டதும் நான் என்றேன்.

அவன் அடிப்பான் என்று நினைத்தேன். அடித்திருந்தால் நன்றாக இருந்திருக்கும். கையைக் கீழே போட்டான். மேலே ஏறி வந்து, யாருடைய சேலையோ, பாதியில் விட்டிருந்ததை எடுத்துத் தேய்க்க ஆரம்பித்தான். நான் நின்றுகொண்டே இருந்தேன். கொஞ்ச நேரம் கழித்து, "நீ போ சார்" என்றான்.

ஜனவரி 27

விசாரணை அதிகாரியிடம் எழுதிக் கொடுத்தேன். நான்கு பக்கம். கல்லின் போட்டோவும் இணைத்தேன். அவர் படித்துவிட்டு, "நிதானமா யோசிச்சிட்டு நாளைக்குக் கூடக் குடுக்கலாம் சார்" என்றார். இன்றைய தேதி போட்டு முத்திரை குத்தி வாங்கிக்கொண்டுதான் வந்தேன்.

பிப்ரவரி 2

பென்னி ஜாமீனில் வந்துவிட்டார். பிளஸ்ஸி வேலையை விட்டுவிட்டாள். ஜெர்சன் வாடகைக்கு வீடு பார்க்கிறான். கட்சியிலிருந்து யாரும் போன் செய்வதில்லை.

பிப்ரவரி 8

கோயிலில் பென்னியைப் பார்த்தேன். வழக்கமாக என் பெஞ்சில்தான் உட்காருவார். இன்று மூன்று பெஞ்சு தள்ளி உட்கார்ந்தார். அவர் திரும்புவாரோ என்று ஆராதனை முடியும்வரை பார்த்துக்கொண்டிருந்தேன்.

பிப்ரவரி 11

காலையில் மாநகராட்சி ஆட்கள் வந்து குடோன் சுவரில் சிவப்புப் பெயின்டால் கோடு போட்டுப் போனார்கள். கோட்டுக்கு இந்தப் பக்கம் எல்லாம் இடிக்க வேண்டுமாம். அளந்தவரிடம் எவ்வளவு என்று கேட்டேன். "ஆறடிக்கு எடுக்கறோம் சார்" என்றார்.

பதினொரு மணிக்குக் காவல் நிலையத்தில் ஆஜராக வேண்டும். சம்மன் மேசைமேல் இருக்கிறது. வக்கீல் நேராக அங்கே வந்துவிடுவார். திரும்பி வருவேனா, இன்றே உள்ளே வைப்பார்களா என்று அவருக்கும் தெரியவில்லை. மாத்திரையும் துண்டும் பையில் வைத்துவிட்டாள் ரத்தினபாய்.

துவைத்துக் காயப்போட்டிருந்த சட்டையை எடுத்து மாட்டினேன். கஞ்சி இல்லை, காலர் மடங்கிக் கிடக்கிறது. ரத்தினபாய் வீட்டு இஸ்திரிப் பெட்டியை எடுத்து வந்தாள். "குடுங்க, ரெண்டு நிமிஷத்துல தேச்சுத் தர்றேன். நாலு பேர் பார்ப்பாங்க."

வேண்டாம் என்றேன்.

பஸ் ஸ்டாப்புக்கு ஏகாம்பரத்தின் வண்டியைத் தாண்டித்தான் போக வேண்டும். இப்படியே போகிறேன்.